துக்கடா வேஷம்

உங்க காலேஜ் டே டிராமாவுல உங்களுக்கு என்ன வேஷம் பாஸ்? ராஜாவா? வில்லனா? ஹீரோயினோட தோழியாவாவது வந்தீங்களா? அப்படின்னா இந்தப் பக்கத்தைப் புரட்டிட்டு அடுத்ததுக்குப் போயிடுங்க, கோவிச்சுக்க மாட்டேன். ஈட்டி பிடிச்சுக்கிட்டு ஓரமா நின்னவங்க மட்டும் கொஞ்சம் கிட்ட வாங்க. நாம தனியா பேசணும்.

நான் ஈட்டி கோஷ்டி. செகண்ட் இயர்ல எங்க டிபார்ட்மென்ட் போட்ட சரித்திர நாடகத்தில் நான்தான் வாயிற்காப்போன். எனக்கு ஒரே ஒரு வசனம். ‘மன்னா, தங்களைக் காண அண்டை நாட்டுத் தூதுவர் வந்திருக்கிறார்!’ மொத்தம் ஏழு வார்த்தை. அதை ஒரு மாசம் ஹாஸ்டல் பாத்ரூமில் நின்று சொல்லிச் சொல்லிப் பார்த்தேன். கம்பீரமாகச் சொன்னேன், பதறிப்போய்ச் சொன்னேன், மூச்சு வாங்க ஓடி வந்த மாதிரி சொன்னேன். பக்கத்து ரூம் பசங்க ‘அந்தத் தூதுவனை உள்ளே விட்டுத் தொலைடா’ன்னு கதவைத் தட்டுற அளவுக்குப் போயிடுச்சு.

நாடகத்தன்னிக்கு அம்மா ஊர்லேர்ந்து ரெண்டு பஸ் மாறி வந்து மூணாவது வரிசையில் உட்கார்ந்திருந்தாங்க. மேடையில் ராஜாவா நடிச்ச நண்பன் பயத்துல ரெண்டு பக்கத்தை அப்படியே தாண்டிட்டான். நேரா, ‘வருக தூதுவரே, வருக!’ன்னுட்டான். தூதுவரும் கடமை தவறாம வந்துட்டார். நான் திறந்த வாயை மூட மறந்து நின்னேன். அவ்வளவுதான் என் கலைப் பயணம். முடிஞ்சதும் அம்மா ஆசையா முதுகைத் தட்டிக் கொடுத்தாங்க. ‘நல்லா நின்னேடா.’

சிரிங்க, பரவாயில்லை. நானே ரொம்ப நாள் கழிச்சுத்தான் சிரிச்சேன். ஆனா அந்த ‘நல்லா நின்னே’ எனக்குள்ள உட்கார்ந்துக்கிச்சு. அதுக்கப்புறம் எந்தப் படம் பார்த்தாலும் ஹீரோவைப் பார்க்கிறதில்லை. ஹீரோவுக்குப் பின்னாடி காபி கொண்டு வர்றது யாரு, கூட்டத்துல மூணாவதா நின்னு தலையாட்டுறது யாரு, இதுதான் கவலை. அப்படிப் பார்த்துப் பார்த்துத்தான் ஒரு பாட்டியிடம் போய் மாட்டிக்கிட்டேன்.

மணிரத்னத்தின் ‘உயிரே’ பார்த்திருப்பீங்க. 1998-ல் இந்தியில் ‘தில் சே’, தமிழில் டப்பிங். ரயில் மேல ஆடுற பாட்டு எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும். அதில் ஷாருக் கான் வீட்டில் ஒரு பாட்டி வருவார், ஞாபகம் இருக்கா? குட்டி உருவம், முகம் பூராச் சுருக்கம், கண்ணுல மட்டும் பதினாறு வயசுக் குறும்பு. கொஞ்ச நேரம்தான் வருவார். அவர் பேர் ஜோரா சேகல். பேரே ஜோரா இருக்குல்ல?

ஹாஸ்டலில் எனக்கு ஒரு ரூம்மேட் இருந்தான். ‘டாக்டர் ஹூ’ பைத்தியம். காலத்துக்குள்ளே முன்னும் பின்னும் பயணம் போகிற ஒரு ஆசாமியைப் பற்றி பிபிசி 1963-ல் ஆரம்பிச்ச தொடர் அது. அதோட பழைய அத்தியாயங்கள்ல யார் யார் நடிச்சாங்கங்கிற பட்டியலை, நாம கிரிக்கெட் ஸ்கோர் பார்க்கிற மாதிரி பார்ப்பான். ஒருநாள் சாவகாசமா, ‘டேய், உன் உயிரே பாட்டி இதுல இருக்காங்கடா’ன்னான். 1965. ‘தி குரூசேட்’ என்கிற நாலு அத்தியாயக் கதை. பட்டியலில் ரொம்பக் கீழே, ஷேய்ரா என்கிற குட்டிப் பாத்திரத்துக்கு நேராக, ஜோரா சேகல்!

எனக்கு ஆச்சரியம் தாங்கலை. 1965-ல் இந்தப் பாட்டிக்கு லண்டன்ல என்ன வேலை? அப்போ என்ன வயசு? கணக்குப் போட்டுப் பார்த்தேன். அவர் பிறந்தது 1912 ஏப்ரல் 27, சஹாரன்பூரில். அப்படின்னா அப்பவே 52 முடிஞ்சு 53 நடக்குது. உலகம் முழுக்க ரிட்டயர்மென்ட் பத்தி யோசிக்க ஆரம்பிக்கிற வயசுல, யாரும் கவனிக்காத ஒரு துக்கடா வேஷம்.

இதுல கொடுமை என்னன்னா, அவர் ஒண்ணும் நம்மள மாதிரி ஈட்டி கோஷ்டி இல்லை. அதுக்கு முன்னாடி அவர் வாழ்ந்திருந்த வாழ்க்கையைக் கேளுங்க.

பர்தா வழக்கம் உள்ள பெரிய பதான் குடும்பம். லாகூரில் குயின் மேரி காலேஜ். படிப்பு முடிஞ்சதும், ஸ்காட்லாந்தில் இருந்த மாமா ஒருத்தர் ஏற்பாட்டில் ஐரோப்பா கிளம்பினார். 1930-ல். எப்படிப் போனாங்க தெரியுமா? கார்ல! லாகூரிலிருந்து ஈரான் வழியா, டமாஸ்கஸ், பாலஸ்தீனம், எகிப்துன்னு ரோடு மேலயே போய், அலெக்சாண்ட்ரியாவில் கப்பல் பிடிச்சாங்க. இன்னிக்கு நாம கன்னியாகுமரிக்கு பைக்ல போயிட்டு வந்தாலே ஒரு வாரம் அதைப் பத்தியே பேசிட்டிருக்கோம்.

ஜெர்மனியில் டிரெஸ்டன் நகரத்தில் மேரி விக்மேன் நடத்திய நடனப் பள்ளி. நவீன நடனம்னா அந்தக் காலத்து ஐரோப்பாவில் முதல்ல சொல்லப்பட்ட பேர்களில் ஒண்ணு. அங்கே மூணு வருஷம் படிச்சார். அதுக்கப்புறம் உதயசங்கர் குழு. ரவிசங்கரோட அண்ணன், இந்திய நடனத்தை உலக மேடைகளுக்குக் கொண்டு போனவர். அந்தக் குழுவில் 1935-ல் சேர்ந்த ஜோரா ஜப்பான், எகிப்து, ஐரோப்பா, அமெரிக்கான்னு ஆடி முடிச்சார். அப்புறம் அல்மோராவில் உதயசங்கர் ஆரம்பிச்ச கலை மையத்தில் டீச்சர். அங்கேதான் காமேஷ்வர் சேகலைப் பார்த்தார். தன்னைவிட எட்டு வயது இளையவர், வேற மதம். 1942 ஆகஸ்ட்டில் கல்யாணம். விருந்துக்கு நேரு வர்றதா இருந்துச்சு. சில நாள் முன்னாடி ‘வெள்ளையனே வெளியேறு’ போராட்டத்துல அவரைப் பிடிச்சு உள்ளே போட்டுட்டாங்க.

லாகூரில் புருஷன் பெண்டாட்டி ரெண்டு பேரும் சொந்தமா ஒரு நடனப் பள்ளி தொடங்கினாங்க. ஊர்ல மதக் கலவரச் சூழல் முத்தினதும் மூடிட்டு பம்பாய் வந்துட்டாங்க. அங்கே 1945-ல் பிருத்விராஜ் கபூரோட பிருத்வி தியேட்டர்ஸ். மாசச் சம்பளம் 400 ரூபாய். கிட்டத்தட்ட 14 வருஷம் அந்தக் குழுவோட ஊர் ஊரா ரயில்ல போனார். நடன இயக்குநர் வேலை, கூடவே வேஷங்கள். குருதத்தோட முதல் படம் ‘பாஸி’க்கு (1951) நடனம் அமைச்சதும் ஜோராதான்.

இங்க ஒரு விஷயம் கவனிங்க. பிருத்வி தியேட்டர்ஸில் கதாநாயகி யாருன்னா, ஜோராவோட சொந்தத் தங்கை உஸ்ரா! தங்கைக்கு ஹீரோயின் ரோல், அக்காவுக்கு ஓரத்து ரோல். உங்க தங்கச்சி அதே காலேஜ்ல உங்களைவிட நல்ல மார்க் வாங்கினா வீட்ல என்ன நடக்கும்னு யோசிச்சுப் பாருங்க. இது ஒரு வாரம் ரெண்டு வாரம் இல்லை, வருஷக்கணக்குல. ஒரே மேடையில, ஒரே ரயில் பெட்டியில. துணை வேஷம்கிற பாடத்தோட அரிச்சுவடியை ஜோரா அங்கேதான் படிச்சிருக்கணும்னு நான் நினைக்கிறேன்.

1959-ல் கணவர் போயிட்டார். கையில ரெண்டு பிள்ளைங்க. டெல்லிக்கு வந்து ஒரு நாட்டிய அகாடமியைக் கொஞ்ச காலம் நடத்தினார். 1962-ல் நாடகம் படிக்க ஒரு உதவித்தொகை கிடைச்சு லண்டன் போனார். 50 வயசு மாணவி.

லண்டன்ல அவரை யாருக்குத் தெரியும்? ஜப்பான்லயும் அமெரிக்காவுலயும் கைதட்டு வாங்கினதெல்லாம் பழைய கதை. ராம் கோபால் நடத்தின நடனப் பள்ளியில் கொஞ்ச நாள் வகுப்பெடுத்தார். (ராம் கோபால் யாருன்னு கேட்கிறவங்களுக்கு: பெங்களூர்க்காரர். நம்ம பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் பரதம் கத்துக்கிட்டு ஐரோப்பாவைக் கலக்கினவர்.) அந்தப் பள்ளியும் சீக்கிரமே மூடிப்போச்சு. பிறகு கிடைச்ச வேலை எதுவா இருந்தாலும் செய்தார். மத்த நடிகர்களுக்கு உடை மாட்டிவிடுற வேலை உட்பட. மேடையோட நடுவுல ஆடினவர், இப்ப திரைக்குப் பின்னாடி இன்னொருத்தரோட பொத்தானைப் போட்டுக்கிட்டு நிக்கிறார். இதை நான் சோகமா சொல்றேன். ஆனா அவரோட பேட்டிகளைப் பார்த்தீங்கன்னா, அவர் எதையுமே சோகமா சொல்ற ஆளில்லை. சோகம் என்னோடது.

1964-ல் டிவி வாய்ப்பு வந்துச்சு. ருட்யார்ட் கிப்ளிங் எழுதின இந்தியக் கதைகளை பிபிசி தொடராக எடுத்தது. அதில் ‘தி ரெஸ்க்யூ ஆஃப் ப்ளஃபிள்ஸ்’ என்கிற கதையில் ஒரு வேஷம். அதுதான் பிரிட்டிஷ் டிவியில் அவருக்கு ஆரம்பம்.

அந்தக் காலத்து டிவி நடிப்பு எப்படி இருந்துச்சுன்னு சொன்னாத்தான் துக்கடா வேஷத்தோட கஷ்டம் புரியும். பிபிசி 1936 நவம்பரில் லண்டன் அலெக்சாண்ட்ரா பேலஸில் டிவி ஒளிபரப்பை ஆரம்பிச்சது. உலகப் போர் வந்ததும் 1939 செப்டம்பர் 1-ம் தேதி மூடிட்டாங்க. திரும்ப ஆரம்பிச்சது 1946 ஜூனில். முதல்ல நாடகம் எல்லாமே லைவ். ஞாயித்துக்கிழமை ராத்திரி ஒரு நாடகம் போட்டா, அதையே வியாழக்கிழமை திரும்பவும் போடுவாங்க. இப்ப நாம சொல்ற மறுஒளிபரப்பு இல்லை. அதே நடிகர்கள் திரும்ப வந்து, அதே மேக்கப் போட்டு, முதல்லேர்ந்து முழுசா நடிக்கணும்! ஞாயித்துக்கிழமை தும்மல் வந்து சொதப்பினவருக்கு வியாழக்கிழமை ஒரு சான்ஸ். ஞாயித்துக்கிழமை பிரமாதப்படுத்தினவர் வியாழக்கிழமை சொதப்பவும் ஒரு சான்ஸ்.

ஒரே ஸ்டூடியோவில் நாலஞ்சு செட். மூணு நாலு பெரிய கேமரா, தரை பூரா கேபிள். நாயகன் வரவேற்பறையில் பேசிட்டிருக்கும்போதே துணை நடிகர் குனிஞ்சபடி செட்டுக்குப் பின்னாடி ஓடி, கோட்டை மாத்திக்கிட்டு, ரயில் நிலைய செட்டில் பெட்டியோட தயாரா நிக்கணும். மூச்சு வாங்கக் கூடாது, மைக்குல கேட்டுடும். தரையில சாக்பீஸ்ல ஒரு குறி போட்டிருப்பாங்க. அதுல நிக்கணும். அரை அடி இந்தப் பக்கம் வந்தா நாயகி முகத்துல உங்க நிழல் விழும். அரை அடி அந்தப் பக்கம் போனா நீங்க கேமராவுலயே இருக்க மாட்டீங்க.

அம்மா சொன்ன ‘நல்லா நின்னே’ ஒரு பெரிய பாராட்டுன்னு எனக்கு அப்பத்தான் உறைச்சுது.

ஒரு சம்பவம் சொல்றேன். 1958 நவம்பர் 30, ஞாயித்துக்கிழமை ராத்திரி. ஐடிவி சேனலில் ‘ஆர்ம்சேர் தியேட்டர்’ வரிசையில் ‘அண்டர்கிரவுண்ட்’ என்கிற நாடகம், லைவ். அணுகுண்டு விழுந்த பிறகு லண்டன் சுரங்க ரயில் பாதைக்குள்ளே சிக்கிக்கிட்டவங்க கதை. அதில் ஒரு துணைப் பாத்திரம் செய்த கேரத் ஜோன்ஸ் என்கிற வேல்ஸ் நடிகருக்கு வயசு 33. ரெண்டு காட்சிக்கு நடுவில் மாரடைப்பு வந்து செத்துப்போயிட்டார். நாடகம் நாடு முழுக்க ஓடிட்டிருக்கு. நிறுத்தலை. டைரக்டர் டெட் காட்செஃப் மத்த நடிகர்களை அவர் இல்லாமலே சமாளிக்கச் சொன்னார். அவர் பேச வேண்டிய வரிகளை ஆளாளுக்குப் பிரிச்சுப் பேசி முடிச்சுட்டாங்க. பார்த்துட்டிருந்தவங்களுக்கு ஒரு ஆள் குறையறது தெரியாத மாதிரி!

இதைப் படிச்ச அன்னிக்கு எனக்குத் தூக்கம் வரலை. செத்தது ஹீரோவா இருந்தா அப்படி முடிச்சிருக்க முடியுமா? ஓரத்துல நிக்கிறவன் இல்லைன்னாலும் கதை நகரும். என் தூதுவர் நான் சொல்லாமலே வந்த மாதிரி. அதுதான் உறுத்துச்சு.

அந்த ‘ஆர்ம்சேர் தியேட்டர்’ வரிசையின் தயாரிப்பாளர் சிட்னி நியூமன் என்கிற கனடாக்காரர். அவர்தான் பிறகு பிபிசியின் நாடகப் பிரிவுக்குத் தலைவராப் போய் ‘டாக்டர் ஹூ’ உருவாகக் காரணமா இருந்தார். ஜோரா நடிக்க வந்த சமயத்தில் நாடகங்களை வீடியோ டேப்பில் பதிவு செய்ய ஆரம்பிச்சுட்டாங்க. ஆனா டேப்பை வெட்டி ஒட்டுறது செலவு பிடிச்ச வேலை. அதனால ஒரு வாரம் ஒத்திகை பார்த்துட்டு, ஒரே சாயங்காலத்துல லைவ் மாதிரியே விடாம எடுத்துடுவாங்க. தப்பு பெரிசா இருந்தாத்தான் ரீடேக். துணை நடிகர் வசனத்தில் தடுக்கினதுக்கெல்லாம் ரீடேக் கேட்க முடியாது.

சரி, ‘தி குரூசேட்’டுக்கு வருவோம். 1965 மார்ச், ஏப்ரலில் வந்தது. சிலுவைப் போர்க் காலம். ஒரு பக்கம் இங்கிலாந்து ராஜா ரிச்சர்ட், இன்னொரு பக்கம் சுல்தான் சலாதீன். ரிச்சர்டா ஜூலியன் குளோவர். சலாதீனா யாரு? பெர்னார்ட் கே. அவரும் இங்கிலாந்துக்காரர்தான்! முகத்துக்கு மாநிறச் சாயம் பூசிட்டாங்க. சலாதீனோட தம்பி, வில்லன் எமிர், எல்லாருமே அப்படித்தான். ஆசியாவிலேர்ந்து வந்த, முப்பது வருஷ மேடை அனுபவம் உள்ள ஒரு நிஜ நடிகை அதே ஸ்டூடியோவில் இருந்தார். சின்ன வேஷத்தில்.

நியாயமா சொல்லணும்னா, பெர்னார்ட் கே நல்லாத்தான் செய்திருக்கார். கதை எழுதின டேவிட் விட்டேக்கரும் சலாதீனை மரியாதையாத்தான் எழுதியிருக்கார். அவங்க கெட்டவங்கன்னு நான் சொல்ல வரலை. அன்னிக்கு லண்டனில் அது யாருக்கும் தப்பாவே தோணலைங்கிறதுதான் விஷயம். பெரிய இந்தியப் பாத்திரம்னா வெள்ளைக்காரருக்குச் சாயம் பூசு, பின்னாடி நிக்கிறதுக்கு நிஜ இந்தியர்களைக் கூப்பிடு. 1974-ல் ஆரம்பிச்ச ‘இட் எய்ன்ட் ஹாஃப் ஹாட் மம்’ காமெடித் தொடரில்கூட ராங்கி ராம் என்கிற முக்கிய இந்தியப் பாத்திரத்தை மைக்கேல் பேட்ஸ் முகத்துல கறுப்புப் பூசிக்கிட்டுத்தான் செய்தார். ரொம்பவும் கோவப்படாதீங்க. நம்ம சினிமாவுல சேட்டு வேஷத்துக்கும் சர்தார்ஜி வேஷத்துக்கும் யாரைக் கூப்பிட்டு, எப்படிப் பேச வெச்சோம்னு ஒரு நிமிஷம் யோசிச்சுட்டு அப்புறம் கோவப்படலாம்.

நானும் ரூம்மேட்டும் ஜோராவைப் பார்த்தே தீரணும்னு ‘தி குரூசேட்’டைத் தேட ஆரம்பிச்சோம். அப்பத்தான் அடுத்த இடி. நாலு அத்தியாயத்துல ரெண்டுக்குப் படமே இல்லை!

அந்தக் காலத்துல பிபிசி டேப்புகளை அழிச்சுட்டு அது மேலேயே வேற நிகழ்ச்சி பதிவு பண்ணுவாங்க. டேப் விலை அதிகம். நடிகர் சங்க ஒப்பந்தப்படி ஒரு நிகழ்ச்சியை இஷ்டத்துக்குத் திரும்பத் திரும்பப் போட முடியாது. கேசட் வாங்கி வீட்டுல போட்டுப் பார்க்கிற வசதியும் வரலை. 1967-ல் கலர் வந்ததும் கறுப்பு வெள்ளையை இனி யார் பார்க்கப் போறாங்கன்னு நினைச்சுட்டாங்க. தப்பிச்சதெல்லாம் பெரும்பாலும் வெளிநாட்டு டிவிகளுக்கு விக்கிறதுக்காக ஃபிலிமில் எடுத்த பிரதிகளால்தான். ‘தி குரூசேட்’டோட முதல் அத்தியாயம்கூட அப்படித்தான் 1999-ல் நியூசிலாந்தில் ஒரு சேகரிப்பாளரிடம் கிடைச்சுது. மூணாவது அத்தியாயம் ஏற்கனவே இருந்துச்சு. ரெண்டாவதும் நாலாவதும் போனது போனதுதான்.

ஆனா சத்தம் இருக்கு. அதை யார் காப்பாத்தினாங்க தெரியுமா? 1965-ல் வீட்டு டிவிக்கு முன்னாடி டேப் ரெக்கார்டரை வெச்சுப் பதிவு பண்ணின ஸ்கூல் பசங்க. அவங்க ஏதோ வரலாற்றைக் காப்பாத்துறோம்னு பண்ணலை. பிடிச்சுது, திரும்பக் கேட்கணும்னு பண்ணினாங்க. படம் இல்லாம அந்தச் சத்தத்தை ஒரு ராத்திரி ஹெட்போனில் கேட்டோம். துணை நடிகர்களோட நிலைமை அங்கே இன்னும் மோசம். ஹீரோக்களோட குரலாவது பேசிக்கிட்டே இருக்கு. ஓரமா வந்து நின்னவங்க, தட்டு கொண்டு வந்து வெச்சவங்க, தலையைக் குனிஞ்சு வணங்கினவங்க... அவங்களுக்குச் சத்தமே கிடையாதே. துணி உரசுற ஒலி, யாரோ நடக்குற ஒலி, அவ்வளவுதான். அதில் எது யாரோடதுன்னு யார் சொல்றது?

ரூம்மேட் ஹெட்போனைக் கழற்றி வெச்சுட்டு, ‘உன் வாயிற்காப்போனை யாராச்சும் வீடியோ எடுத்தாங்களாடா?’ன்னான். இல்லை. எடுத்திருந்தாலும் கேமரா ராஜா மேலதான் இருந்திருக்கும்.

1964-க்கு அப்புறம் ஜோரா என்ன செய்தார்? நடிச்சார். அவ்வளவுதான். வருஷங்கள் ஓடிக்கிட்டே இருந்துச்சு. திடீர்னு ஒரு பெரிய டைரக்டர் கண்டுபிடிச்சு ஒரே ராத்திரியில ஸ்டார் ஆக்கின கதையெல்லாம் இல்லை. கூப்பிட்டா போறது, கூப்பிடலைன்னா வேற வேலை பார்க்கிறது. 1976-77-ல் ‘படோசி’ன்னு பிபிசியில் ஒரு தொடர். படோசின்னா இந்தியில் பக்கத்து வீட்டுக்காரர். பிரிட்டனில் குடியேறின இந்திய, பாகிஸ்தான் குடும்பங்களுக்கான நிகழ்ச்சி. 26 அத்தியாயத்துக்கும் ஜோராதான் தொகுப்பாளர். பிரிட்டிஷ் டிவியின் நாடகங்களில் ஓரத்துல நின்னவர், புதுசா வந்த ஊர்ல எங்க போறது, யாரைக் கேட்கிறதுன்னு தெரியாம தவிச்ச நம்ம ஊர்ப் பெண்கள் வீட்டுக் கூடத்தில் நடுநாயகமா உட்கார்ந்து பேசினார். அவரோட டிவி வாழ்க்கையில எனக்கு ரொம்பப் பிடிச்ச இடம் இதுதான். விமர்சகர்கள் இதைப் பெரிசா எழுதினதில்லை. போகட்டும்.

அப்புறம் வந்துச்சு, ‘தி ஜுவல் இன் தி கிரவுன்’. பால் ஸ்காட்டோட நாவல்களை வெச்சு கிரனாடா டெலிவிஷன் எடுத்த 14 அத்தியாயத் தொடர். 1984 ஜனவரியிலிருந்து ஏப்ரல் வரை ஐடிவியில் ஓடுச்சு. இந்தியாவில் வெள்ளைக்காரன் ஆட்சியின் கடைசி வருஷங்கள் பத்தின கதை. அதில் லேடி லிலி சாட்டர்ஜி என்கிற சீமாட்டி வேஷம் ஜோராவுக்கு. தட்டு தூக்குற வேஷம் இல்லை. பெரிய பங்களாவின் எஜமானி. வெள்ளைக்காரப் பெண்ணை வீட்டுல வெச்சு அடைக்கலம் கொடுக்கிறவர். கலெக்டருங்க முகத்துக்கு நேரா நின்னு நாசூக்காக் குத்திப் பேசுறவர். சாயம் பூசின முகம் இல்லை, நிஜ முகம். அப்போ ஜோராவுக்கு வயசு 71.

முதல் துக்கடா வேஷத்துக்கும் இதுக்கும் நடுவுல 20 வருஷம். நீங்க பிறந்து வளர்ந்து காலேஜ் வந்து அரியர் வைக்கிற வரைக்கும் உள்ள காலம்!

இதை ‘கடைசியில ஜெயிச்சுட்டாங்க’ன்னு முடிச்சா சௌகரியமா இருக்கும். எனக்கு அப்படி முடிக்கப் பிடிக்கலை. ஏன்னா அந்த 20 வருஷத்துல லண்டன் ஸ்டூடியோக்களில் சாக்பீஸ் குறியில் நின்ன இந்தியர்கள் இன்னும் எத்தனையோ பேர். அவங்களுக்கு லேடி சாட்டர்ஜி வரலை. அவங்க மோசமா நின்னாங்கன்னு அர்த்தமா? நாலு வெள்ளைக்கார எழுத்தாளர்கள் இந்தியாவைப் பத்தி வேற மாதிரி எழுத ஆரம்பிச்சதாலதான் அந்த மாதிரி வேஷங்களே உருவாச்சு. வேஷம் வந்தப்ப ஜோரா உயிரோட, தெம்போட, வசனம் மனப்பாடமா இருந்தார். அதுல உழைப்பு பாதின்னா, மீதி அதிர்ஷ்டம். இதை ஒளிச்சுப் பேசுறவங்களை எனக்குப் பிடிக்காது.

அதுக்கப்புறம் சேனல் 4-ல் ‘தந்தூரி நைட்ஸ்’ (1985-87) காமெடித் தொடர், சினிமாக்கள். எண்பது வயசைத் தாண்டினப்புறம் இந்தியாவுக்கே திரும்பிட்டார். பிறகுதான் இந்தி சினிமாவுக்கு அவர் ‘நாட்டுக்கே பாட்டி’யா ஆனார். 2007-ல் ‘சீனி கம்’ படத்தில் அமிதாப் பச்சனுக்கு அம்மா. 64 வயசு மகனை மிரட்டுற 95 வயசு அம்மா! 2010-ல் பத்ம விபூஷண். 2014 ஜூலை 10-ம் தேதி டெல்லியில் போய்ச் சேர்ந்தார். 102 வயசு.

தங்கை உஸ்ரா என்ன ஆனார்னு கேட்கலையே நீங்க? அவர் அறுபதுகளில் பாகிஸ்தான் போயிட்டார். 1993-ல் லாகூரில் அக்கா தங்கைக்காகவே ‘ஏக் தீ நானி’ன்னு ஒரு நாடகம் போட்டாங்க. எல்லையால பிரிஞ்ச ரெண்டு சகோதரிகள் கதை. பிருத்வி தியேட்டர்ஸ்ல ஒருத்தி நடுவுலயும் ஒருத்தி ஓரத்துலயும் நின்ன அதே ரெண்டு பேர். அக்காவுக்கு அப்போ 81. இந்தத் தடவை ரெண்டு பேருமே நடுவுல.

போன பொங்கல் லீவுக்கு ஊருக்குப் போயிருந்தேன். மத்தியானம் டிவியில் ‘உயிரே’ ஓடிட்டிருந்துச்சு. அம்மா முறுக்கு மாவு பிசைஞ்சுக்கிட்டே பார்த்துட்டிருந்தாங்க. கல்யாண வீட்டுக் களேபரம், எல்லாரும் பேசுறாங்க, ஓடுறாங்க. நடுவுல அந்தக் குட்டி உருவம்.

‘யாருடா இந்தக் கெழவி? முகத்துல என்னா களை!’ன்னாங்க அம்மா.

எனக்குக் கையும் காலும் ஓடலை. ‘அம்மா, இவங்க பேரு ஜோரா சேகல். இதுல கேட்குற குரல் அவங்களோடது இல்லை, டப்பிங். 1930-லயே கார்ல ஐரோப்பா போனவங்க. லண்டன்ல டிவியில...’ன்னு மூச்சு விடாம ஆரம்பிச்சேன்.

‘இரு இரு’ன்னு மாவுக் கையால டிவியைக் காட்டினாங்க. காட்சி மாறிடுச்சு. பாட்டி போயாச்சு.